கோணத் தாழ்வாரம்

எங்கள் ஊர்ப் பழைய பள்ளிவாசலை ஜின்கள் ஒரே இரவில் கட்டி முடித்தன என்று யாராவது ஆரம்பித்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வரும். குவைத்தில் பதினாறு வருடமாக டிராஃப்ட்ஸ்மேன் வேலை பார்க்கிறேன். ஒரு சுவரை நேராக நிறுத்த எத்தனை பேர் எத்தனை நாள் சண்டை போட வேண்டும் என்று எனக்குத் தெரியும். அந்தப் பள்ளியின் கல்தூண்களில், தரையிலிருந்து ஒரு முழ உயரத்தில், யாரும் குனிந்து பார்க்காத இடத்தில் உளியால் கீறிய சின்னக் குறிகள் உண்டு. ஒரு கோடு, இரண்டு கோடு, கோட்டுக்கு மேல் ஒரு புள்ளி. எந்தத் தூண் எந்த இடத்துக்கு என்று கல்தச்சர்கள் தங்களுக்காகப் போட்டுக்கொண்ட அடையாளம். ஜின்னுக்கு எதற்கு அடையாளம்?

பக்கத்து ஊர்க் கோயில்களில் வேலை செய்த கைகள்தான் இங்கேயும் வேலை செய்திருக்க வேண்டும். தூணின் அடி சதுரம், நடு எட்டுப் பட்டை, மேலே மறுபடி சதுரம். தலையில் உத்தரத்தைத் தாங்கும் பொதிகை, அதன் முனையில் கவிழ்ந்து தொங்கும் வாழைப்பூ. கோயிலில் யாளியும் பாவையும் நிற்கும் இடத்தில் இங்கே கொடியும் பூவும் கட்டமும். உருவம் கூடாது என்று கப்பல் வணிகர்கள் சொல்லியிருப்பார்கள். அதற்கென்ன என்று தச்சர்கள் பூவாகவே செதுக்கித் தள்ளியிருக்கிறார்கள். மினாரா கிடையாது, குவிமாடம் கிடையாது, தட்டையான கல்கூரை. இமாம் நிற்கும் மிஹ்ராப் மாடத்தில் நின்று கையை விரித்தால் இரண்டு பக்கச் சுவரும் தொடும். எத்தனை நூற்றாண்டு பழையது என்று கேட்டால் ஊரில் ஆளுக்கு ஒன்று சொல்வார்கள். வாசல் நிலைக்கு மேலே ஒரு கல்வெட்டு இருந்தது. பெயிண்ட் அடித்து அடித்து எழுத்து மூழ்கிப்போயிற்று. அந்தப் பெயிண்டை ஒவ்வொரு ரமலானுக்கும் அனுப்பி வைத்தது எங்கள் ஊர்க்காரர்களின் குவைத் ஜமாஅத். அதாவது நாங்கள்.

பள்ளியில் எல்லோருக்கும் பிடித்த இடம் வடக்குப் பக்கத் தாழ்வாரம். தொழும் மண்டபத்துக்கும் தெருவோர வெளிச்சுவருக்கும் நடுவில் இருந்தது. வாசல் முனையில் பதினெட்டு அடி அகலம். மிஹ்ராப் முனைக்குப் போகப் போகக் குறுகி மூன்றே அடியாகிவிடும். கோணத் தாழ்வாரம் என்று பெயர். மதியம் லுஹர் தொழுதுவிட்டுப் பாதி ஊர் அங்கேதான் கண்ணயரும். ஏன் இப்படிக் கோணலாக இருக்கிறது என்று யாரும் கேட்டதில்லை. நானும் கேட்கவில்லை. இந்தக் கதையில் என் முட்டாள்தனம் அங்கேதான் தொடங்குகிறது.

எங்கள் ஜமாஅத் கூட்டம் மாதம் ஒரு வெள்ளிக்கிழமை, ஜும்ஆவுக்குப் பிறகு, ஃபர்வானியாவில் ஒரு மெஸ்ஸின் மாடியில் நடக்கும். நானும் தலைவரும் ஃபஹாஹீலில் இருக்கிறோம். அவருக்கு அங்கே துணிக்கடை. நான் அங்கிருந்து ஃபர்வானியா போக அவர் காரைத்தான் நம்ப வேண்டும். முக்கால் மணி நேரம் ஒரே காரில் போய், கூட்டத்தில் அவரோடு சண்டை போட்டு, அதே காரில் முக்கால் மணி நேரம் திரும்பி வருவதைப் போல எரிச்சலான காரியம் கிடையாது. இத்தனைக்கும் நல்ல மனிதர். எனக்கு முதல் விசாவுக்கு வழி காட்டியவர் அவர்தான். ஊர்க்காரன் ஒருவன் சைட்டில் விழுந்தால் கடையை மூடிவிட்டு ஆஸ்பத்திரிக்கு ஓடுகிறவர்.

போன வருடம் ஒரு வெள்ளிக்கிழமை, பிரியாணித் தட்டுகளை எடுத்த பிறகு, அவர் எழுந்து நின்று பள்ளியை இடித்துப் புதிதாகக் கட்டப் போகிறோம் என்றார்.

"ஜும்ஆவுக்குப் பாதி சனம் தெருவுல தார்மேல நின்னு தொழுவுது. உள்ள நின்னா தூணு மறைக்குது, சஃப்பு வெட்டுப்படுது. இங்க குவைத்துல பாருங்க, ஒரு தூணு இருக்கா? எம்புட்டு பெரிய குப்பா! நம்ம ஊருக்கு அந்த மாதிரி ஒண்ணு வேணாமா?"

அப்படி ஒரு குவிமாடம் வேண்டும் என்று எல்லோரும் சொன்னார்கள். அவர் சொன்னதில் பாதி உண்மை. தொழுகை வரிசை தூணில் முட்டி உடைவதும் உண்மை, ஆள் கொள்ளாமல் தெருவில் நிற்பதும் உண்மை. ஆனால் பள்ளிக்குக் கிழக்கே பழைய மதரஸாக் கொட்டகை இருந்த இடம் சும்மாக் கிடக்கிறது. அங்கே புது மண்டபம் எழுப்பி, கல்மண்டபத்தை அப்படியே முன்னால் விட்டுவிடலாம். இதைச் சொன்னேன். யார் காதிலும் விழவில்லை. ஏசி இரைச்சல் என்று நினைத்து இன்னொரு முறை சத்தமாகச் சொன்னேன். "தம்பி படம் போட்டுக் காட்டட்டும், பாப்போம்," என்றார் தலைவர். யாரோ சலவாத்து ஓதிக் கூட்டத்தை முடித்தார்கள்.

எனக்கு ஊர்ப்பாசம் பொங்கி வழிகிறது என்று நினைக்க வேண்டாம். லீவில் போனால் பத்தாம் நாள் திரும்பத் தோன்றும். ஆனால் பதினாறு வருடமாக நான் வரைவதெல்லாம் கார் பார்க்கிங் கோடுகளும் கழிப்பறை டைல்ஸ் லே-அவுட்டும்தான். ஒரு கட்டடத்தை இடிக்கிறார்கள் என்றால் எதை இடிக்கிறோம் என்றாவது தெரிந்து இடிக்கட்டும் என்று கோபம் வந்தது. அந்த மண்டபம் நிற்க வேண்டும். எனக்கு அது ஒன்றுதான் வேண்டியிருந்தது.

அடுத்த லீவில் பன்னிரண்டு நாள் அளந்தேன். ஆபீஸ் லேசர் மீட்டரை இரவல் வாங்கிக்கொண்டு போயிருந்தேன். ஒவ்வொரு தூணின் பட்டையையும், பொதிகையின் ஒவ்வொரு மடிப்பையும், கூரைக் கற்களின் இடைவெளியையும் அளந்தேன். தச்சர்களின் குறிகளைக் குப்புறப் படுத்துக்கொண்டு பிரதி எடுத்தேன். தொழ வந்தவர்கள் என்னைத் தாண்டிப் போனார்கள். "குவைத்துல வேல போயிருச்சா?" என்று ஒருவர் அக்கறையாகக் கேட்டார். கோணத் தாழ்வாரத்தை அளந்தபோது வாய்விட்டே திட்டினேன். மண்டபம் நூல் பிடித்த மாதிரி இருந்தது, நான்கு மூலையும் மட்டம். வெளிச்சுவர் மட்டும் விலகி ஓடியது. பிற்காலத்தில் எவனோ தெருவை வளைக்கப் பார்த்துக் கோணலாகக் கட்டியிருக்கிறான் என்று முடிவு செய்தேன்.

குவைத்துக்கு வந்து இரண்டு மாதம், டியூட்டி முடிந்த நேரமெல்லாம் உட்கார்ந்து வரைந்தேன். தரைப்படம், வெட்டுப்படம், ஒவ்வொரு தூணுக்கும் தனிப்படம். பெரிய தாளில் அச்செடுத்து மெஸ் மாடியில் சுவர் முழுக்க ஒட்டினேன். அளவு மயிரிழை தப்பாது என்று பெருமையடித்துக்கொண்டேன். எங்கள் ஆட்கள் முதல்முறையாக எழுந்து வந்து பக்கத்தில் நின்று பார்த்தார்கள். "இம்புட்டு வேலை இருக்கா இதுல?" என்று ஒருவர் வாழைப்பூவைத் தொட்டுப் பார்த்தார். ஜெயித்துவிட்டேன் என்று நினைத்தேன்.

அப்போதுதான் ஜமாஅத் செயலாளர் தன் மகளின் ஜியாமெட்ரி பாக்ஸோடு வந்தார். அவர் ஒரு டைப்பிங் சென்டரில் வேலை செய்கிறார், எதையும் சரிபார்க்காமல் விடமாட்டார். எங்கள் ஊரிலிருந்து கிப்லா, அதாவது மக்காவின் திசை, எத்தனை டிகிரி என்று போனில் தேடி எடுத்திருந்தார். நேர் மேற்கிலிருந்து வடக்கே இருபத்திரண்டு டிகிரிக்குக் கொஞ்சம் மேல். என் தரைப்படத்தில் வடக்கு அம்புக்குறியின் மேல் பாகைமானியை வைத்தார். குனிந்து பார்த்தார். மறுபடி வைத்தார்.

"பள்ளி நேர் மேற்கேல்ல பாக்குது," என்றார். "இருவத்திரெண்டு டிகிரி தப்பு."

நான் முந்திக்கொண்டு, திசை ஏறக்குறைய இருந்தால் போதும், கிழக்கே பார்த்துத் தொழாத வரை தொழுகை கூடும், வீணாகாது என்று மார்க்கம் படித்த ஆலிம்கள் சொல்லியிருக்கிறார்களே என்றேன்.

"தெரியாம இருந்தாக் கூடும்," என்றார் தலைவர். "தெரிஞ்ச பொறவு?"

அவர் முகம் வெளுத்திருந்தது. திரும்பும்போது என் கட்டடத்து வாசலில் காரை நிறுத்திவிட்டுக் கண்ணைத் துடைத்துக்கொண்டார். "எங்க வாப்பா அறுவது வருசம் ஒரு வக்து விடாம அந்தப் பள்ளியில தொழுதாக தம்பி. அதெல்லாம் என்னாகும்?" என்றார். இடிக்க வேண்டும் என்ற ஆசை அன்றோடு கடமையாக மாறிவிட்டது. அதற்குச் சாட்சி என் படம்.

அந்த வாரம் முழுக்க நான் கல்தச்சர்கள் மேல் கடுப்பில் இருந்தேன். இத்தனை நேர்த்தியாகச் செதுக்கத் தெரிந்தவனுக்குத் திசை பார்க்கத் தெரியவில்லையே என்று ரூமில் புலம்பினேன். என்னோடு தங்கியிருப்பவர் சிவகங்கைப் பக்கத்துக்காரர், ஒரு ரோடு கம்பெனியில் சர்வேயர். சப்பாத்தி மாவு பிசைந்துகொண்டே என் படத்தைப் பார்த்தார்.

"பாய், நார்த் எப்படிப் புடிச்சீங்க?"

"நார்த் என்ன நார்த்? பள்ளி மேற்க பாத்து இருக்கு. அதுலேர்ந்து போட்டதுதான்."

"மேற்குன்னு யாரு சொன்னா?"

"ஊரே சொல்லும்ங்க."

"காம்பஸ் வச்சீங்களா, இல்லையா?"

பன்னிரண்டு நாளில் நூற்றுக்கணக்கான அளவு எடுத்தவன், ஒன்றே ஒன்றை மட்டும் எடுக்கவில்லை. எங்கள் வீடுகளில் கிப்லாவுக்கு இன்னொரு பெயர் மேற்கு. மேற்கே கால் நீட்டாதே, மேற்கே துப்பாதே, இறந்தவர் மையத்தை மேற்கே முகம் பார்த்து வை. பேச்சு வந்த நாளிலிருந்து மிஹ்ராப் இருக்கும் சுவர்தான் எனக்கு மேற்கு. சூரியனைக் கேட்டுத் தெரிந்துகொண்ட மேற்கு அல்ல. மிஹ்ராப் சுவரை மேற்கு என்று வைத்தேன், ஆபீஸ் டெம்ப்ளேட்டிலிருந்து வடக்கு அம்புக்குறியை இழுத்துப் போட்டேன், முடிந்தது.

சர்வேயர் மாவுக் கையோடு வெளிச்சுவர்க் கோட்டைக் காட்டினார். "இது எத்தன டிகிரி கோணலா ஓடுது?"

அளந்து பார்த்தேன். இருபத்திரண்டரை.

போனில் செயற்கைக்கோள் படத்தைத் திறந்தேன். வடக்கு மேலே இருந்தது. எங்கள் தெரு கோடு போட்ட மாதிரி கிழக்கு மேற்காக ஓடியது, வெளிச்சுவரும் அதோடு ஓடியது. மண்டபத்தின் கூரை மட்டும் அழகாக வடக்கே திரும்பி நின்றது. கோணல் சுவரில் இல்லை. தெருவுக்கு ஏற்ற மாதிரி கட்டுவது சுலபம் என்று தெரிந்தும், அந்தத் தச்சர்கள் இடத்தை வீணாக்கி, மண்டபத்தை மக்காவைப் பார்த்துத் திருப்பியிருக்கிறார்கள். மிச்சம் விழுந்த முக்கோணம்தான் கோணத் தாழ்வாரம். போனும் காம்பஸும் இல்லாமல், கப்பலோட்டிகள் சொன்னதையும் வெயிலின் நிழலையும் நம்பிச் செய்திருப்பார்கள் என்று நினைக்கிறேன். எப்படியோ, சரியாகச் செய்திருக்கிறார்கள். லேசர் வைத்திருந்த நான்தான் தப்பாகச் செய்தேன். அவமானத்தில் சாப்பிடப் பிடிக்கவில்லை.

அடுத்த கூட்டம் வரை பொறுக்காமல் தலைவர் கடைக்கே ஓடினேன். கூட்டத்தில் சொல்லுங்கள் என்றார். கூட்டத்தில் சொன்னேன். தப்பு என்னுடையது, பள்ளி சரியாக இருக்கிறது, இதோ பாருங்கள் என்று போனை நீட்டினேன். செயலாளர் வாங்கி, கண்ணாடியைத் தூக்கிவிட்டுப் பார்த்தார். பிறகு இரண்டு விரலை வைத்துத் திருகினார். படம் திரும்பியது.

"இது எப்புடி வேணாலும் திரும்புதே," என்றார். "இந்தா, இப்ப பள்ளி நேரா நிக்கிது. இப்ப?"

சிரித்தார்கள். வடக்கு மேலே இருக்கும்படி வைத்துத்தான் பார்க்க வேண்டும் என்றேன். அன்றைக்கு நீங்களே போட்ட வடக்கு என்னாச்சு என்றார்கள். அது தப்பு என்றேன்.

"தம்பி," என்றார் தலைவர், கோபமே இல்லாமல், "மயிரிழை தப்பாதுன்னு அன்னைக்குச் சொன்னதும் நீங்கதான். இன்னைக்குத் தப்புன்னு சொல்றதும் நீங்கதான். பள்ளிய இடிக்கக் கூடாதுங்குறதுக்காக என்னா வேணாலும் சொல்றிய. உங்க மனசு எனக்குப் புரியிது. அல்லாவுட காரியம், இதுல வெளையாடப்படாது."

ஊருக்குப் போன் போட்டேன். பள்ளி நிர்வாகி எடுத்தார். ஒரு காம்பஸ், ஒரே ஒரு காம்பஸ் வாங்கி மண்டபத்தில் வைத்துப் பாருங்கள் என்று கெஞ்சினேன்.

"எதுக்கு? குவைத்துல எஞ்சினியரு அளந்து தப்புன்னு சொல்லிட்டாராமே."

"அந்த எஞ்சினியர் நான்தான்!"

"அப்ப சரியாத்தானே இருக்கும்," என்றார்.

நான்கு முறை கூப்பிட்டேன். நான்கு முறையும் இன்ஷா அல்லாஹ் பார்க்கிறோம் என்றார். குவைத்தில் முடிவு செய்துவிட்டார்கள் என்று ஊர் நினைத்தது. ஊரில் யாரும் மறுக்கவில்லை என்று குவைத் நினைத்தது. உடனே போய்விடலாம் என்றால் ஆபீஸில் சப்மிஷன் நேரம், லீவு மாஃபி என்று மேனேஜர் கையை விரித்துவிட்டார். ராஜினாமா செய்துவிட்டுப் போயிருக்கலாம். செய்யவில்லை. பிள்ளைகளின் படிப்பு, வீட்டு வாடகை என்று எல்லோரும் சொல்லும் காரணம்தான் எனக்கும் இருந்தது. அதைச் சொல்லிக்கொள்ளும்போதெல்லாம் என் மேலேயே வெறுப்பாக இருக்கிறது.

இடித்த படங்கள் வாட்ஸ்அப் குழுவில் வந்தன. மூன்று நாள் வேலை. தூண்களை மணலில் வரிசையாகப் படுக்க வைத்திருந்தார்கள். தச்சர்களின் குறிகள் இப்போது யாரும் குனியாமலே தெரிந்தன. ஒரு கோடு, இரண்டு கோடு, கோட்டுக்கு மேல் ஒரு புள்ளி. கீழே நாற்பது பேர் மாஷா அல்லாஹ் போட்டிருந்தார்கள். குழுவை விட்டு வெளியேறினேன். தலைவர் மறுபடி சேர்த்துவிட்டார்.

மூன்று வாரம் கழித்து, வேலை முடிந்து வந்து சட்டையைக் கழற்றிக்கொண்டிருந்தேன். கதவு தட்டப்பட்டது. தலைவர் நின்றார், கையில் ஒரு கிலோ பெட்டியில் பக்லாவா. என் ரூமுக்கு அவர் வந்ததே இல்லை. கட்டிலில் உட்கார்ந்தார். மூச்சு வாங்கியது.

"தம்பி, அல்ஹம்துலில்லாஹ். அஸ்திவாரம் தோண்டுறதுக்கு மதுரையிலேர்ந்து எஞ்சினியரு வந்தாரு. மெசினு வச்சுப் பாத்திருக்காரு. பழைய பள்ளி கிப்லா கரெக்டாம்! ஒரு டிகிரி கூடத் தப்பில்லையாம்! பழைய அஸ்திவாரக் கோட்டுலயே கட்டிக்கிடுங்கன்னு சொல்லிட்டாராம்."

நான் வாயைத் திறந்தேன். சொல்ல வேண்டியதெல்லாம் மாதக்கணக்கில் தயாராக இருந்தது. குளிக்கும்போதும் பஸ்ஸில் போகும்போதும் இந்த மனிதரிடம் இதைத்தான் கத்திக்கொண்டிருந்தேன். ஆனால் அவர் என் கையைப் பிடித்துக்கொண்டார். அவர் கண்ணிலிருந்து தண்ணீர் தாடிக்குள் இறங்கிக்கொண்டிருந்தது.

"எங்க வாப்பா தொழுததெல்லாம் கூடிருச்சு தம்பி," என்றார். "அறுவது வருசத் தொழுவ. எல்லாம் கூடிருச்சு."

அதற்கு மேல் யாரிடம் கோபப்படுவது? சர்வேயர் அடுப்புப் பக்கம் திரும்பி நின்றுகொண்டார். தலைவர் தன் கையாலேயே எனக்கு ஒரு துண்டு இனிப்பை ஊட்டினார். நான் மென்றேன்.

போகும்போது வாசலில் நின்று, "புதுப் படம் நீங்கதான் போட்டுத் தரணும். பழைய கோடு உங்கள்ட்டதானே இருக்கு," என்றார். செருப்பை மாட்டிக்கொண்டே, "வடக்க மட்டும் பாத்துப் போடுங்க. அப்பறம் அந்தக் கோணத் தாழ்வாரம் அசிங்கமா இருக்கும், அத நேராக்கிடுங்க," என்றார்.

அவர் போன பிறகு லேப்டாப்பைத் திறந்தேன். முடியாது என்று சொல்லியிருக்கலாம். ஆனால் வேறு யாராவது வரைந்தால் தெருவுக்கு நேராக வரைந்துவிடுவார்கள் என்று பயமாக இருந்தது. பழைய கோப்பில் தூண்கள் எல்லாம் அப்படியே நின்றன, வாழைப்பூ உட்பட. ஒவ்வொன்றாக அழித்தேன். மண்டபத்தின் நான்கு கோட்டையும் வெளிச்சுவரையும் மட்டும் விட்டேன். நடுவில் முக்கோணம், வாசல் முனையில் பதினெட்டு அடி, மிஹ்ராப் முனையில் மூன்றடி. அதை நான் நேராக்கவில்லை. பிறகு வடக்கு அம்புக்குறியைத் தொட்டு, ரொட்டேட் கொடுத்து, இருபத்திரண்டரை என்று அடித்தேன். அது திரும்பி நின்றது. ஒரு நொடிகூட ஆகவில்லை.